லிஃப்ட்டுக்குள் ஒரு கேமரா

நீங்க தினமும் ஏறி இறங்குற லிஃப்ட்டுல ஒருத்தர் கேமராவோட நின்னுட்டிருந்தா என்ன பண்ணுவீங்க? முறைப்பீங்க, இல்லைன்னா போனுக்குள்ள தலையைப் புதைச்சுக்குவீங்க. லண்டன்காரர்களும் ஆரம்பத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் நின்றார்கள்.

மார்க் ஐசக்ஸ் என்ற பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்குநர் 2001-ல் எடுத்த குறும்படம் 'லிஃப்ட்'. லண்டனில் ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பின் லிஃப்ட்டுக்குள் கேமராவோடு போய் நின்றுவிட்டார். அவ்வளவுதான் கதை. படம் அரை மணி நேரம்கூட ஓடாது. ஆனால் அவர் நாள் கணக்கில் அங்கேயே நின்றார். சந்தேகமாகப் பார்த்தவர்கள் மெல்லப் பேச ஆரம்பித்தார்கள். சிலர் சாப்பிடக்கூட ஏதாவது கொண்டுவந்து கொடுத்தார்கள். "நேத்து ராத்திரி என்ன கனவு கண்டீங்க?" என்பது மாதிரிதான் அவர் கேள்விகள். பதில் சொல்லி முடிப்பதற்குள் கதவு திறந்துவிடும். மீதிக் கதை அடுத்த முறை ஏறும்போதுதான்.

அவருடைய இன்னொரு படம் 2007-ல் வந்த 'ஆல் ஒயிட் இன் பார்க்கிங்'. வண்டி நிறுத்துற பார்க்கிங் இல்லைங்க, அது கிழக்கு லண்டனில் ஒரு பகுதியின் பெயர். குடியேறிகளை எதிர்க்கும் பி.என்.பி. கட்சி 2006 உள்ளாட்சித் தேர்தலில் அந்த வட்டாரத்தில் 12 இடங்களைப் பிடித்திருந்தது. படத்தில் ஒரு வெள்ளைக்காரத் தம்பதி, பக்கத்து வீட்டு நைஜீரியக் குடும்பம் விருந்துக்குக் கூப்பிட்டால் போகத் தயங்குகிறார்கள். ஐசக்ஸ் அவர்களைத் திட்டவில்லை, கேலி செய்யவும் இல்லை. பேச விடுகிறார்.

"அப்போ இனவெறிக்கு மைக் கொடுக்கிறதா?" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் அந்தத் தயக்கத்தைப் பக்கத்தில் இருந்து பார்த்தால்தான், சுவருக்கு அந்தப் பக்கம் இருப்பவரைத் தெரியாமலே வெறுப்பது எவ்வளவு சுலபம் என்பது புரிகிறது. அவர்களை வில்லனாக்கியிருந்தால் நாமும் சிரித்துவிட்டு நகர்ந்திருப்போம்.

இதையெல்லாம் நான் ஏன் சொல்றேன்னா, நானும் ஒரு வீடியோ எடுத்தேன். போன செமஸ்டரில், எங்க மெஸ் அண்ணன் தோசை ஊத்துறதை ஸ்லோமோஷனில் எடுத்து, காமெடி பிஜிஎம் போட்டு ரீல்ஸாக விட்டேன். செம வியூஸ். ஒரு வாரம் கழித்து அவர் வந்து, "தம்பி, என் பொண்ணு ஸ்கூல்ல அதைக் காட்டிச் சிரிக்கிறாங்களாம்" என்றார். கோபமாகக்கூடச் சொல்லவில்லை.

உடனே டெலிட் பண்ணிட்டேன். ஆனால் எனக்கு உறுத்துறது வேற. அதை எடுக்க எனக்கு ஆன நேரம் பதினைந்து விநாடி. அவர்கிட்ட கேட்ட கேள்வி, பூஜ்யம்.

கேமரா வைத்திருப்பது தப்பு என்று சொல்ல வரவில்லை. நம்ம எல்லார் கையிலும் ஐசக்ஸிடம் இருந்ததைவிடச் சின்ன கேமரா இருக்கு. அவர் கொடுத்த நேரத்தை மட்டும்தான் நாம் கொடுப்பதில்லை. அடுத்த முறை யாரையாவது எடுக்கும்போது, ரெக்கார்டு பட்டனை அழுத்துறதுக்கு முன்னாடி கொஞ்சம் பேசிப் பாருங்க.

மூணு வருஷமா அந்த அண்ணன் கையால சாப்பிடுறேன். அவர் பேரை அன்னிக்குத்தான் கேட்டேன்.