விதியை முதலில் எழுதுங்கள், ஆளைப் பிறகு எடுங்கள்

2009 செப்டம்பரில் ராஜஸ்தான் உயர்நீதிமன்றம் 13 மொழிபெயர்ப்பாளர் பணியிடங்களுக்கு அறிவிக்கை வெளியிட்டது. எழுத்துத் தேர்வும் நேர்காணலும் முடிந்தன. 21 பேர் கலந்துகொண்டார்கள். அதற்குப் பிறகு, 75 விழுக்காடு மதிப்பெண் எடுத்தவர்களை மட்டும் தேர்ந்தெடுக்கலாம் என்றார் தலைமை நீதிபதி. அறிவிக்கையில் அப்படி ஒரு வரியே இல்லை. மூன்று பேர்தான் தேறினார்கள். தேறாதவர்களில் மூவர் வழக்குத் தொடுத்தார்கள். அதே உயர்நீதிமன்றம் 2010-இல் அதைத் தள்ளுபடி செய்தது. 'தேர்வு தொடங்கிய பிறகு, விதிகள் இடம் தராத நிலையில், தகுதி அளவுகோலை நடுவில் மாற்றக் கூடாது' என்று உச்சநீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்ன நாள் 2024 நவம்பர் 7. தேஜ் பிரகாஷ் பாதக் வழக்கு. ஒரு குமாஸ்தாவுக்கும் புரிகிற நியாயத்தைச் சொல்லப் பதினைந்து ஆண்டுகள்!

ராஜஸ்தான் கதை நமக்கெதற்கு என்கிறீர்களா? எங்கள் கிளியனூர்ப் பக்கம் வந்து பாருங்கள். மழை பிடித்தால் மரக்காணம் உப்பளத்தில் வேலை நின்றுவிடும். அந்தக் கூலியில் படித்து வந்த பிள்ளைகளுக்கு நீதிமன்ற வேலை என்பது முதல் மாதச் சம்பளம். 2021-இல் சென்னை உயர்நீதிமன்றம் மாவட்ட நீதிமன்றங்களுக்காக அறிவித்தது 3,557 இடங்கள். அலுவலக உதவியாளர், மசால்ஜி, காவலர், துப்புரவுப் பணியாளர் என்று பட்டியல் நீண்டது. மசால்ஜி என்றால் தீவட்டி பிடிப்பவர். தீவட்டி போய்விட்டது, பதவியின் பெயர் போகவில்லை. அறிவிக்கையில் இனச்சுழற்சி இருந்தது. அது யாரும் இரங்கிப் போட்ட பிச்சையல்ல, நூறாண்டுப் போராட்டத்தின் பயன். ஆனால் எழுத்துத் தேர்வைத் தாண்டி வாய்மொழித் தேர்வு என்று ஒன்றையும் வைத்திருந்தார்கள். கோப்பு தூக்குவதற்கு எதற்கு நேர்காணல்? இந்த நாட்டில் வாயைத் திறந்தால் ஊர் தெரியும். ஊர் தெரிந்தால் தெரு எதுவென்று கேட்பார்கள்.

உயர்நீதிமன்ற ஊழியரை நியமிக்கும் அதிகாரத்தை அரசியல் சட்டத்தின் 229-ஆவது பிரிவு தலைமை நீதிபதியிடம் கொடுக்கிறது. நீதித்துறை அரசாங்கத்தின் கையை எதிர்பார்த்து நிற்கக் கூடாது என்பது நோக்கம். சரியான நோக்கம்தான். ஆனால் அரசாங்கத்திடமிருந்து பெற்ற சுதந்திரம், 14, 16 ஆகிய பிரிவுகளிடமிருந்து பெற்ற விடுதலை ஆகிவிடாது. டெல்லி தீஸ் ஹசாரி நீதிமன்றக் கடைநிலை ஊழியர் நியமனம் தொடர்பான ரேணு வழக்கில், 2014-இல், இதை உச்சநீதிமன்றமே சொன்னது. விளம்பரம் இல்லாமல், எல்லோருக்கும் வாய்ப்புத் தராமல் செய்யும் நியமனம் நீதிமன்றத்திலும் செல்லாது.

உடனே 'தகுதி, திறமை' கூட்டம் கைதட்டும். அவர்களுக்கு ஒரு பழைய வழக்கை நினைவூட்டுகிறேன். சென்னை மாகாணத்தில் 83 மாவட்ட முன்சீப் இடங்களை வகுப்புவாரி ஆணைப்படி பிரித்தார்கள்: ஆதிதிராவிடர் 19, பிற்படுத்தப்பட்ட இந்துக்கள் 10, பார்ப்பனரல்லாத இந்துக்கள் 32, பார்ப்பனர் 11, கிறித்தவர் 6, முஸ்லிம் 5. வெங்கடரமணா என்ற பார்ப்பன விண்ணப்பதாரர் உச்சநீதிமன்றம் போனார். 1951 ஏப்ரல் 9 அன்று, செண்பகம் துரைராசன் தீர்ப்பு வந்த அதே நாளில், ஆதிதிராவிடர், பிற்படுத்தப்பட்டோர் பங்கைத் தவிர மற்றதெல்லாம் செல்லாது என்று தீர்ப்பு வந்தது. தமிழ்நாடு கொதித்தது. பெரியார் வீதிக்கு வந்தார். அரசியல் சட்டம் முதன்முறையாகத் திருத்தப்பட்டது.

முனைவர் பட்ட ஆய்வுக்காகப் பணி நியமனத் தீர்ப்புகளைப் படிக்கப் படிக்க எனக்குத் தெளிவாவது இதுதான்: எழுதி வைத்த பங்கீட்டைக் கூண்டில் ஏற்றிவிடலாம். எழுதாத பங்கீட்டை ஏற்ற முடியாது. பரிந்துரைக் கடிதத்துக்கும், 'நம்ம பையன்' என்ற தொலைபேசிக்கும் அரசாணை எண் கிடையாதே!

நாட்டில் எல்லோருடைய இடஒதுக்கீட்டையும் எடைபோட்ட உச்சநீதிமன்றம், தன் சொந்த அலுவலகத்தில் பட்டியல் சாதியினருக்கு 15, பழங்குடியினருக்கு 7.5 விழுக்காடு என்ற சுழற்சிப் பட்டியலை நடைமுறைப்படுத்தியது 2025 ஜூன் 23-இல். அடுத்த மாதம் விதிகளைத் திருத்திப் பிற்படுத்தப்பட்டோரையும் சேர்த்தார்கள். அப்போது தலைமை நீதிபதி பி.ஆர். கவாய். அந்த நாற்காலிக்கு வந்த இரண்டாவது தலித். எழுபத்தைந்து ஆண்டுகளாக வராத பட்டியல் அவர் காலத்தில் வந்தது தற்செயலா?

இன்னொன்றும் கேட்கிறேன். நீதிமன்ற வளாகத்தைப் பெருக்குகிறவர்களில் ஒரு சில சாதியினரே மிகுதியாக இருப்பது சமத்துவத்துக்கு எதிரானது என்று எந்தத் 'தகுதி' வீரராவது வழக்குப் போட்டாரா? துடைப்பத்துக்குப் போட்டி கிடையாது. நாற்காலிக்குத்தான் தகுதி தேவைப்படுகிறது.

ஆகவே தோழர்களே, தேர்வு முடிந்தபின் ஏமாந்தவர் வழக்காடிக் கிழவராகும் வரை நாம் காத்திருக்க வேண்டியதில்லை. தேர்வுக்கு முன்பே கேட்போம். தேர்ச்சி மதிப்பெண் அறிவிக்கையிலேயே இருக்கட்டும். கடைநிலைப் பணிகளுக்கு வாய்மொழித் தேர்வு ஒழியட்டும். இனச்சுழற்சிப் பட்டியலும் ஒவ்வொருவர் மதிப்பெண்ணும் வெளியாகட்டும். துப்புரவுப் பணியாளர் முதல் பதிவாளர் வரை எந்தப் பதவியில் எந்தப் பிரிவினர் எத்தனை பேர் என்று தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போடுங்கள். உங்கள் மாவட்ட நீதிமன்றத்திலிருந்து தொடங்குங்கள். நான் விழுப்புரத்திலிருந்து தொடங்குகிறேன்.