நீரோரத்து வீட்டுக்கு நீதி வேண்டும்!

பழவேற்காட்டு ஏரிக்கரையிலே, பாட்டன் குடியிருந்த இடத்தில் பேரன் குடியிருக்கிறான். வலை இருக்கிறது, படகு இருக்கிறது, வீட்டுவரி கட்டிய ரசீதும் இருக்கிறது. பட்டா இல்லை! நாளை ஓர் அதிகாரி வந்து, "இது புறம்போக்கு, காலி செய்" என்றால், அவனுக்குச் சட்டத்தின் துணை உண்டா?

உண்டு என்றுதான் நாடு எண்ணியது. வட மாநிலங்களில் குற்றஞ்சாட்டப்பட்டோரின் வீடுகளைப் புல்டோசர் கொண்டு தகர்த்த கொடுமையைக் கண்டு, 2024 நவம்பர் 13-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் விதிகள் வகுத்தது. இடிப்பதற்கு 15 நாள் முன்னதாக அறிவிப்புத் தரவேண்டும், அதைப் பதிவுத் தபாலில் அனுப்புவதோடு வீட்டிலும் ஒட்டவேண்டும், உரியவரை நேரில் அழைத்து விசாரிக்கவேண்டும், காரணங்காட்டி உத்தரவிடவேண்டும், அதன் பின்னும் 15 நாள் பொறுக்கவேண்டும். மீறும் அதிகாரி தம் சொந்தப் பணத்தில் ஈடு செய்யவேண்டும். நல்ல தீர்ப்பு, வரவேற்கிறோம்.

ஆயினும், அத்தீர்ப்பிலே ஒரு விலக்கு இருக்கிறது. சாலை, நடைபாதை, ரயில் பாதையோரம், ஆறு, நீர்நிலை ஆகிய இடங்களில் அனுமதியின்றி எழுந்த கட்டடங்களுக்கு இவ்விதிகள் பொருந்தா! ஏரியை வளைத்து மாளிகை எழுப்புவோனை நாம் ஆதரிக்கவில்லை. ஆனால், மீனவன் நீரோரத்தில் வாழாமல் மலையுச்சியிலா வாழ்வான்? ஏரியை விழுங்க வருபவனையும் ஏரியை நம்பி வாழ்பவனையும் ஒரே தராசில் நிறுப்பது நீதியாகுமா?

வெள்ளையர் ஆட்சியின் 1905-ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டங்கூட, வெளியேற்றுமுன் அறிவிப்புத் தரவேண்டும் என்றது, மேல்முறையீட்டுக்கும் இடமளித்தது. பம்பாய் நடைபாதைவாசிகள் வழக்கிலே, பிழைப்புக்கான உரிமையும் உயிர்வாழும் உரிமையில் அடங்கும் என்று 1985-இல் உச்ச நீதிமன்றமே உரைத்தது. கடலோர மீனவர் பழைய விதிப்படி கட்டத்தக்க வீட்டைக் கட்டி, முறையான ஒப்புதல் மட்டும் பெறாதிருந்தால், அதை முறைப்படுத்துவது பற்றி அரசு ஆராயவேண்டும் என்று 2011-ஆம் ஆண்டின் கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கை கூறியது. வாணிபத்துக்குப் பயன்படுத்தக்கூடாது, வெளியாருக்கு விற்கக்கூடாது என்பவையே நிபந்தனைகள்.

முறைப்படுத்திய வீட்டை "அனுமதியற்றது" என்று எவர் சொல்ல முடியும்? விலக்கின் வாயை அடைக்கும் பூட்டு அதுவே. அந்தப் பூட்டைத் தரவேண்டியது மாநில அரசின் கடமை!

ஸ்ரீஹரிகோட்டாவில் ராக்கெட் தளம் வந்தது, தீவிலிருந்தோர் இடம்பெயர்ந்தனர். காட்டுப்பள்ளியில் துறைமுகம் வந்தது, குப்பம் இடம்பெயர்ந்தது. இந்த வட்டாரத்து மக்கள் இழந்தது போதும்.

தோழர்களே! குப்பந்தோறும் செல்லுங்கள். வரி ரசீது, மின்கட்டணச் சீட்டு, ரேஷன் அட்டை ஆகியவற்றைத் திரட்டுங்கள். பட்டாவுக்கு மனு எழுதிக் கொடுங்கள். அறிவிப்பு வந்தால் அஞ்சி வாங்க மறுக்கவேண்டாம் என்று சொல்லுங்கள். வாங்கிய நாளைக் குறித்து, எழுத்தில் பதில் தரச் செய்யுங்கள். மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச வழக்கறிஞர் உதவி கிடைக்கும், வழிகாட்டுங்கள். புல்டோசர் வந்தபின் கூடி முழங்குவது எளிது. அது வருமுன் ஒவ்வொரு வீட்டிற்கும் ஒரு பட்டா வாங்கித் தருவதே நம் பணி!