ஓய்வூதியம் உபகாரமன்று

“கோழி மேய்த்தாலும் கோறணமேந்தில் மேய்க்க வேண்டும்” என்பது யாழ்ப்பாணத்துப் பழமொழி. தோட்டக் காணியை ஈடுவைத்துப் பிள்ளையைப் படிப்பித்த கமக்காரன் அரச உத்தியோகத்திற் கண்ட பெரும் நலம், முதுமைக்குக் கிடைக்கும் ஓய்வூதியமே. அந்நலம் எத்துணை உறுதியானது?

ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பின் முதலாம் பிரிவு, அரச ஊழியருக்கு அதில் முழு உரிமை கிடையாது என்கிறது. 12ஆம் பிரிவோ, இளைப்பாறும் வேளையில் ஒழுக்காற்று நடவடிக்கை நிலுவையிலிருந்தாலும், எடுக்க எண்ணப்பட்டிருந்தாலும், ஊழியர் தரும் விளக்கம் திருப்தியற்றதெனக் கருதப்படின் ஓய்வூதியத்தைக் குறைக்கவோ நிறுத்தவோ இடமளிக்கிறது.

குற்றவாளியைத் தண்டிக்க வேண்டாமென நாம் கூறவில்லை. குற்றத்தை நிரூபித்தபின் தண்டியுங்கள் என்கிறோம்.

சிங்களத் தேர்ச்சி பெறவில்லையென்று 1962இல் சம்பள ஏற்றம் மறுக்கப்பட்ட எழுதுவினைஞர் கோடீஸ்வரன் வழக்காடினார். சம்பளத்துக்காக அரச ஊழியன் முடியின்மீது வழக்குத் தொடர இயலாதென 1967இல் இலங்கை உச்ச நீதிமன்றம் கூறிற்று. இயலுமென 1969இல் இங்கிலாந்தின் கோமறைக் கழகம் தீர்த்தது. உழைப்பின் ஊதியத்துக்குரிய நீதி, அவ்வுழைப்பின் பயனான ஓய்வூதியத்துக்கும் உரியதன்றோ? ஓய்வூதியம் அரசின் தயவன்று, உரிமையென இந்திய உச்ச நீதிமன்றம் 1971இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கிற் கூறிவிட்டது.

விசாரணைக்குக் காலவரம்பு வேண்டும். முடிவுக்கான காரணம் எழுத்தில் வேண்டும். அதுவரை சீவியத்துக்குப் போதிய பகுதியேனும் மாதந்தோறும் வழங்கப்படல் வேண்டும். உழைத்துத் தேடியதற்கு முதுமையிற் கையேந்த வைப்பது நீதியாகாது.