ஃபிட்ஸைப் பார்க்காத விமர்சனம்

வெளிச்சத்தைக் குறைத்தார்கள், ரத்தத்தைக் கூட்டினார்கள், அதற்கு முதிர்ச்சி என்று பெயர் வைத்துவிட்டார்கள்: ‘ஏஜென்ட்ஸ் ஆஃப் ஷீல்டு’ தொடரின் இரண்டாவது சீசனைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையின் சாரம் இவ்வளவுதான். அதில் நல்லது ஏதாவது இருந்தால், அது 2014இல் வந்த ‘கேப்டன் அமெரிக்கா: தி வின்டர் சோல்ஜர்’ படம் போட்ட பிச்சையாம். 22 எபிசோடையும் ஒழுங்காகப் பார்த்தவர் இப்படி எழுதியிருக்க மாட்டார். பார்த்திருந்தால் ஃபிட்ஸின் பெயர் ஒரு இடத்திலாவது வந்திருக்கும்.

முதல் சீசன் முடிவில் துரோகியாக மாறிய சக ஏஜென்ட் வார்டு, விஞ்ஞானிகளான ஃபிட்ஸையும் சிம்மன்ஸையும் ஒரு பெட்டகத்தோடு கடலில் தள்ளிவிடுகிறான். இருப்பது ஒருவருக்கான மூச்சு. அதை அவளுக்குக் கொடுத்த ஃபிட்ஸின் மூளை பிராணவாயு இல்லாமல் பாதிக்கப்படுகிறது. இரண்டாவது சீசனில் அவனுக்குச் சொல் வாய்வரை வந்து நின்றுவிடுகிறது, கை நடுங்குகிறது. பக்கத்தில் நின்று சிம்மன்ஸ் எடுத்துக்கொடுக்கிறாள். முதல் எபிசோடின் கடைசியில்தான் தெரிகிறது, அங்கே சிம்மன்ஸே இல்லை. அவள் போய்விட்டாள்; அவன் வெற்றிடத்தோடு பேசிக்கொண்டிருக்கிறான். புதிதாக வந்த மெக்கானிக் மேக்தான், ஃபிட்ஸ் தேடுவது புது விடை அல்ல, முன்பே கண்டுபிடித்து மறந்துபோன விடை என்று புரிந்துகொள்கிறான். இதில் எங்கே ரத்தம்? எங்கே இருட்டு?

படத்தின் பிச்சை என்ற வாதம் இன்னும் மோசம். எதிரி அமைப்பான ஹைட்ரா உள்ளேயே ஊடுருவியிருந்த ஷீல்டு என்ற உளவு அமைப்பைப் படம் கவிழ்த்தது, உண்மை. கவிழ்ந்த பிறகு அதில் வேலை பார்த்தவர்கள் என்ன ஆனார்கள் என்பதைச் சில நொடிகளில் காட்டிவிட்டு நகர்ந்துவிட்டது. நேற்றுவரை அரசாங்கமாக இருந்து இன்று தேடப்படும் குற்றவாளிகளாக ஒளிந்து வாழ்கிறவர்களின் கதையைச் சொன்னது தொடர்தான். அந்த உழைப்பைப் படத்தின் கணக்கில் எழுதுவது அநியாயம்.

ஷீல்டின் ஏஜென்ட் மெலிண்டா மேயை எடுத்துக்கொள்வோம். முதல் சீசனில் பஹ்ரைன் சம்பவம் ஒரு வீரக்கதை. தனி ஆளாகப் போய் எல்லோரையும் மீட்டவர் என்று ஊழியர்கள் வியந்து பேசுவார்கள். மே முகத்தைத் திருப்பிக்கொள்வார். இரண்டாவது சீசனின் 17ஆம் எபிசோடில் அந்தக் கதவு திறக்கிறது. மற்றவர்களின் மனத்தைப் பிடித்து ஆட்டியது ஒரு சிறுமி. மே சுட்டது அந்தக் குழந்தையை. இத்தனை நாள் நாம் கைதட்டிய சாகசத்தை நம் கையாலேயே திருப்பிப் பார்க்க வைக்கிறார்கள். முதிர்ச்சி என்ற சொல்லுக்கு இங்கே பொருத்தம் இல்லையென்றால் வேறெங்கே இருக்கிறது?

ஏஜென்ட் ஸ்கையின் தகப்பன் கால் என்பவனையும் கட்டுரையாளர் ‘இன்னொரு வில்லன்’ என்று ஒரே வரியில் தள்ளிவிட்டார். தன் மகளைக் கொல்ல முனையும் மனைவியை, அந்தப் பாவம் மகள் கையில் ஒட்டக் கூடாது என்று தானே கொல்கிறவன் அவன். கைல் மெக்லாக்லனின் முகத்தில் வெறியும் பாசமும் ஒன்றாக ஓடுவதைப் பார்த்துமா அந்த ஒரு வரி?

குறையே இல்லை என்று நான் சொல்லவில்லை. கோன்சாலஸ் தலைமையில் வரும் ‘உண்மையான ஷீல்டு’ கிளைக்கதை இழுவை. கட்டுரையாளர் அதைப் பிடித்திருந்தால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன். அவரோ முதல் சீசன்தான் அசல் என்கிறார். அந்த அசலில், வயிற்றில் குண்டு வாங்கிச் சாகக் கிடந்த ஸ்கை, ஒரு அதிசய மருந்தில் எழுந்து உட்கார்ந்துவிடுகிறாள். இரண்டாவது சீசனின் கடைசி எபிசோடில், விழவிருந்த படிகத்தைப் பிடித்த ஷீல்டு தலைவர் கோல்சனின் கை கல்லாக இறுகத் தொடங்குகிறது. மேக் கோடரியை எடுத்து வெட்டுகிறான். அந்தக் கை திரும்ப வரவே இல்லை. மூன்றாவது சீசனில் கோல்சன் செயற்கைக் கையோடுதான் வேலைக்கு வருகிறார்.