எந்த வாழைக்குத் திசு வளர்ப்பு?

தேனி மாவட்டத்தின் சின்னமனூர், கம்பம் பகுதிகளில் இன்று வாழை என்றால் பெரும்பாலும் 'ஜி-9'தான். கேவண்டிஷ் குழுவைச் சேர்ந்த 'கிராண்ட் நைன்' ரகத்துக்கு விவசாயிகள் வைத்துக்கொண்ட சுருக்கப் பெயர் அது. ஆய்வுக்கூடப் புட்டியில் முளைத்து, நிழல்வலைக் குடிலில் பழகி, பாலித்தீன் பையில் தோட்டத்துக்கு வந்த திசு வளர்ப்புக் கன்றுகள் இவை. 1990-களில் இந்தியாவில் வணிக அளவில் பரவத் தொடங்கிய இந்தத் தொழில்நுட்பம் வாழைச் சாகுபடியின் போக்கையே மாற்றியது. ஆனால், அதன் பலன் எல்லா வாழைக்கும் ஒரே அளவில் போய்ச் சேரவில்லை. எந்த ரகத்தின் கன்றைப் புட்டிக்குள் வைப்பது என்பதைச் சந்தையே முடிவு செய்ய விட்டுவிட்டதுதான் காரணம்.

புட்டிக்குள் நடப்பது

நாம் உண்ணும் வாழையில் விதை முளைப்பதில்லை. பக்கக்கன்றைக் கிழங்கோடு பெயர்த்து நடுவதே காலங்காலமான வழி. அப்படி நடும்போது தாய்மரத்தின் சீக்கும் கூடவே வந்துவிடுகிறது: கிழங்கைத் துளைக்கும் கூன்வண்டு, வேரைத் தாக்கும் நூற்புழு, வாடல் நோய்ப் பூஞ்சாணம், சாற்றில் கலந்திருக்கும் நச்சுயிரி.

திசு வளர்ப்பில், நல்ல தார் போட்ட மரத்தின் ஈட்டி இலைக் கன்றைத் தேர்ந்தெடுக்கிறார்கள். கிழங்கையும் இலையுறைகளையும் சீவிக்கொண்டே போய், நடுவிலிருக்கும் குருத்துப் பகுதியைச் சில சென்டிமீட்டர் துண்டாக எடுத்து, கிருமி நீக்கி, சர்க்கரையும் தாது உப்புகளும் கலந்த ஊடகத்தில் வைக்கிறார்கள். சைட்டோகைனின் என்னும் வளர்ச்சி ஊக்கியின் வேலையால் ஒரு குருத்தைச் சுற்றிப் பல குருத்துகள் கிளம்புகின்றன. சில வாரங்களுக்கு ஒருமுறை அவற்றைப் பிரித்துப் பிரித்து வைத்தால், ஒரே கிழங்கிலிருந்து ஆயிரக்கணக்கில் கன்றுகள் கிடைக்கும். வேர்விட்ட பிறகு தென்னைநார்க் கழிவு நிரப்பிய குழித்தட்டுகளில் வைத்து, வெளிக்காற்றுக்குப் பழக்குகிறார்கள்.

வண்டும் நூற்புழுவும் இந்த வழியில் நுழைய முடியாது. கன்றுகள் சம வயதில் இருப்பதால் தோட்டம் ஒரே சீராகத் தார் தள்ளுகிறது. வியாபாரிக்கு வெட்டு எளிது, ஏற்றுமதிக்குக் கன்டெய்னர் நிரப்புவதும் எளிது. ஊரெல்லாம் ஒரே நேரத்தில் தார் வெட்டினால் விலை சரிவதும் இதே சீர்மையின் மறுபக்கம்தான்.

சுத்தம் வேறு, எதிர்ப்பு வேறு

திசு வளர்ப்புக் கன்றுக்கு நோயே வராது என்ற நம்பிக்கை விவசாயிகளிடம் பரவலாக இருக்கிறது. புட்டி தருவது சுத்தமான தொடக்கத்தை மட்டுமே. எதிர்ப்புச் சக்தி ரகத்தின் மரபணுவில் இருந்தால்தான் உண்டு. பனாமா வாடல் பூஞ்சாணத்தின் 'டிஆர்4' வகை கேவண்டிஷையே வீழ்த்துகிறது. பீகார், உத்தரப் பிரதேசத் தோட்டங்களில் ஏற்கெனவே கண்டறியப்பட்ட இது, மண்ணில் புகுந்தால் பல்லாண்டுகள் தங்கும். அந்த மண்ணில் எவ்வளவு சுத்தமான ஜி-9 கன்றை நட்டாலும் வாடும்.

நச்சுயிரி விஷயத்தில் ஆபத்து இன்னும் பெரிது. தாய்க்கன்றில் முடிக்கொத்து நோயின் நச்சுயிரி இருந்து, பரிசோதனையில் தவறவிட்டால், ஆய்வுக்கூடமே அந்நோயைப் பல்லாயிரமாகப் பெருக்கிக் கொடுத்துவிடும். மத்திய அரசின் உயிரித் தொழில்நுட்பத் துறை 2006-இல் திசு வளர்ப்புக் கன்றுகளுக்கெனத் தேசியச் சான்றளிப்பு முறையைக் கொண்டுவந்ததன் தேவை இதுதான். கன்று நச்சுயிரி அற்றதா, தாயின் இயல்பு மாறாததா என்ற இரண்டையும் அது சோதிக்கிறது.

இயல்பு மாறுவதிலும் ஒரு விநோதம் உண்டு. அளவுக்கு மீறிப் பிரித்து வளர்த்தால் சில கன்றுகள் தாயிலிருந்து விலகிவிடும்; வணிகத்தில் அது கழிவு. தைவான் வாழை ஆராய்ச்சி நிறுவனமோ, அப்படி விலகிய கன்றுகளை வாடல் நோய் மண்ணில் நட்டுத் தேறியவற்றைத் தெரிந்தெடுத்தது. டிஆர்4-ஐப் பெருமளவு தாங்கும் 'ஃபார்மோசனா' ரகம் அப்படி வந்ததே.

மலைவாழைக்கு வந்த கதி

கீழ்ப்பழனி மலையின் விருப்பாச்சியும் சிறுமலை வாழையும் புவிசார் குறியீடு பெற்றவை. பழனிப் பஞ்சாமிர்தத்துக்கு ருசி தருவது விருப்பாச்சி. ஒருகாலத்தில் சுமார் 18,000 ஹெக்டேரில் இருந்த மலைவாழை, 2,000 ஹெக்டேர் அளவுக்குச் சுருங்கியது. முக்கியக் காரணம் முடிக்கொத்து நோய். இலைகள் குறுகி, விறைத்து, உச்சியில் கொத்தாக நெருங்கி நிற்கும். இலைக்காம்பில் கரும்பச்சைக் கோடுகள் புள்ளியும் கீற்றுமாக ஓடும். தார் வெளிவருவதே அரிது. பரப்புவது வாழை அசுவினி.

தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் நச்சுயிரி நீக்கிய மலைவாழைக் கன்றுகளைத் திசு வளர்ப்பில் உருவாக்கிக் கொடுத்தது. நல்ல முயற்சி. ஆனால், காப்பித் தோட்டங்களுக்கிடையே நோயுற்ற பழைய மரங்கள் நின்றால், அங்கிருந்து பறந்துவரும் அசுவினி புதுக் கன்றையும் தொற்றிவிடும். ஒரு விவசாயி மட்டும் சுத்தமாக இருந்து பயனில்லை. சரிவு முழுவதும் சேர்ந்து நோய் மரங்களை அழித்தாக வேண்டும். அழிக்கும் மரத்துக்கு இழப்பீடு இல்லாவிட்டால் யார் முன்வருவார்?

செய்ய வேண்டியவை

ஜி-9 கன்றுக்கு ஆண்டு முழுக்க வாங்குவோர் உண்டு. தனியார் கூடங்கள் அதையே உற்பத்தி செய்வதைக் குறை சொல்ல முடியாது. மலைச்சரிவில் சிறிய பரப்பில் விளையும் விருப்பாச்சிக்கும், வாடல் நோயால் பின்வாங்கும் ரஸ்தாளிக்கும், குமரியின் மட்டிக்கும் அந்தக் கணக்கு ஒத்துவராது. இங்குதான் பொதுப்பணம் வர வேண்டும்.

திருச்சியில் தேசிய வாழை ஆராய்ச்சி மையம் 1993 முதல் இருக்கிறது; ரகங்களின் சேகரிப்பும் நச்சுயிரிப் பரிசோதனை வசதியும் அங்கே உண்டு. ஒவ்வொரு நாட்டு ரகத்துக்கும் சோதித்துச் சான்றளித்த தாய்த்தோட்டத்தை அரசு பராமரித்து, அங்கிருந்து கன்றுகளை மானிய விலையில் தர வேண்டும். நாற்றங்காலில் விற்கும் கன்றுக்கு எந்தக் கூடத்தில், எந்தத் தாயிலிருந்து வந்தது என்ற சீட்டு கட்டாயமாக வேண்டும். கன்று மானியத்தோடு நோய் மரம் அழிப்பதற்கான இழப்பீட்டையும் ஒரே திட்டமாக இணைக்க வேண்டும். இல்லையேல், சந்தை கேட்கும் ஒற்றை ரகத்தை இன்னும் சுத்தமாக வளர்த்துக்கொண்டே, டிஆர்4 போன்ற ஒரே நோய்க்கு மொத்தச் சாகுபடியையும் பணயம் வைத்தவர்களாவோம்.