மன்னிப்பு மன்றத்திற்கு! வறட்சி கடைமடைக்கு!

கல்லணைக் கால்வாய் தஞ்சை மண்ணைக் கடந்து புதுக்கோட்டை மாவட்டத்துள் புகுகின்றது. அறந்தாங்கி, ஆவுடையார்கோயில், மணமேற்குடிப் பக்கத்து ஏரிகளை நிரப்பி, மும்பாலை ஏரியில் முடிகின்றது. காவிரியின் கடைமடை அது. மேலே ஒருவன் மடையை அடைத்தால் முதலிற் காய்வதும் அம் மண்ணே. தீர்ப்புத் தாளுக்கும் தண்ணீருக்கும் உள்ள தொலைவை அந்த உழவனைப்போல் அறிந்தவர் எவருமிலர்.

1991 சூன் 25இல் நடுவர் மன்றம் ஆண்டுக்கு 205 டி.எம்.சி., அதாவது 20,500 கோடி கன அடி நீர் விடுமாறு இடைக்கால ஆணையிட்டது. கருநாடக அரசு அவ்வாணையையே செல்லாததாக்க அவசரச் சட்டம் பிறப்பித்தது! உச்சமுறைமன்றம் அதனைத் தள்ளியது. 2002இல் அற்றை முதலமைச்சர் எசு.எம். கிருட்டிணா, மன்றம் ஆணையிட்டும் நீர்விடுப்பை நிறுத்தினார். ‘நீதிமன்ற அவமதிப்பு’ என நாளிதழ்கள் எழுதும் முறைமன்ற இகழ்ச்சி வழக்கு எழுந்தது. அவர் முழு மன்னிப்புக் கேட்டார், மன்றம் மனமிரங்கியது. மன்றத்தின் மானம் காப்பாற்றப்பட்டது. கருகிய பயிருக்கு யார் மன்னிப்புக் கேட்டார்?

2018 பிப்பிரவரி 16இல் இறுதித் தீர்ப்பு வந்தது. நடுவர் மன்றம் 2007இல் அளித்த 192 டி.எம்.சி.யும் 177.25 ஆகக் குறைக்கப்பட்டது. குறைத்ததையாவது தந்தனரா? ஆறு கிழமைக்குள் செயற்றிட்டம் அமைக்குமாறு தில்லிக்கு ஆணை. தில்லியோ கெடு முடிந்தபின், தீர்ப்பிலுள்ள ‘திட்டம்’ என்னும் சொல்லுக்குப் பொருள் யாதென வினவி, மூன்று மாதம் கூடுதலாகக் கேட்டது. கருநாடகத் தேர்தல் நடக்கின்றதாம்! தமிழக அரசு இகழ்ச்சி வழக்குத் தொடுத்தது. மன்றம் கடிந்துகொண்டது; மே 3க்குள் வரைவு கேட்டது. அந்நாளிலும், தலைமையமைச்சரும் அமைச்சர்களும் தேர்தற் பரப்புரையில் இருக்கின்றனர் என்றே விடை வந்தது. சூன் 1இல் திட்டம் அரசிதழேறியது. எவரும் தண்டிக்கப்படவில்லை.

1971ஆம் ஆண்டுச் சட்டத்தையே பாருங்கள். வேண்டுமென்றே ஆணையை மீறினால் மிகுதியாக ஆறு மாதச் சிறை, அல்லது 2,000 உருவா தண்டம், அல்லது இரண்டும். மன்றம் நிறைவுறும்படி மன்னிப்புக் கேட்டால் அதுவும் இல்லை. ஓராண்டு கடந்தால் நடவடிக்கையே தொடங்கவியலாது. இச் சட்டம் மன்றத்தின் மதிப்பைக் காக்கப் பிறந்தது. வழக்கில் வென்றவனின் உரிமையைக் காக்க அன்று. மாநில அரசுக்கே இந்நிலையென்றால், ஏரி வன்கவர்வை அகற்ற மதுரைக் கிளையில் ஆணை பெற்றுவிட்டு அலுவலகப் படியேறி இறங்கும் சிற்றூர் உழவனின் நிலை என்ன? (இதில் நம் மாநில அலுவலரும் தூயவரல்லர், கோப்பை உறங்கவைக்கும் கலை தில்லிக்கு மட்டும் உரியதன்று.) அரசுக்கெதிரான ஒவ்வோர் ஆணையிலும் அதனை நிறைவேற்றும் பொறுப்பாளர் யார், எந்நாளுக்குள், தவறினால் இழப்பீடு எவ்வளவு என்பவை எழுதப்படல் வேண்டும். அவ்விழப்பீடும் மன்றக் கருவூலத்திற்கன்றி, இழந்தவன் கைக்கே செல்லவேண்டும்.

அரசிதழ் வந்த அதே 2018இல், வழக்கமான சூன் 12இல் மேட்டூர் அணை திறக்கப்படவில்லை. சூலை 19இல்தான் திறந்தது. குடகில் மழை கொட்டி, கருநாடக அணைகள் தாங்கமாட்டாமல் நீரை வெளியே தள்ளிய பிறகு!