தராசைப் பார்த்தோம், மீட்டரைப் பார்த்தோமா?

தோட்டத்து லயத்தை விட்டு மலிவு விலை வீட்டுக்கு வந்த நம்மவர்களுக்குக் கடிதம் என்றாலே கிலி. "மீட்டரில் கைவைத்திருக்கிறது, இத்தனை ஆயிரம் வெள்ளி கட்டு" என்று வந்தால், "நமக்கேன் வம்பு" என்று தாலிக்கொடியை அடகுக்கடைக்குக் கொண்டு போகிறோம்.

தோழர்களே, கொஞ்சம் நில்லுங்கள்! 1990-ஆம் ஆண்டு மின்சார விநியோகச் சட்டம், 38-ஆம் பிரிவு, நட்டம் இவ்வளவு என்று மின்கழகம் தரும் அறிக்கையை முதல்நிலைச் சான்றாக ஏற்கிறது. கணக்குப் போடுவதும் அவர்களே, காசு கேட்பதும் அவர்களே! இது நியாயமா? ஆனாலும் முதல்நிலைச் சான்று முடிந்த தீர்ப்பல்ல; மறுக்கலாம். வெறும் வாயால் மறுத்தால் எடுபடாது. பில், ரசீது வேண்டும்.

அதிகமாகக் கட்டிய பணத்தைத் திருப்பிக் கேட்கப் பயனீட்டாளர் தீர்ப்பாயம் உண்டு. மனுவுக்கு 5 வெள்ளி. வழக்கறிஞர் வேண்டாம். 50,000 வெள்ளி வரை, 3 ஆண்டுக்குள் கேட்கலாம்.

பால் நிறுக்கும்போது கிராணியின் தராசைக் கண்கொட்டாமல் பார்த்தவர்கள்தானே நாம்? மாதாமாதம் மீட்டர் எண்ணைக் காலண்டரில் எழுதி வையுங்கள். நாளைக்கு அதுதான் நம் சாட்சி!